மந்தை ஓட்டும் கோலி நாய்: இயல்பும் பராமரிப்பும்

ஆட்டு மந்தையுடன் செல்லும் நாய்கள் யாவும் ஒரே தொழிலைச் செய்வன என்று கருதுவோர் பலர். உண்மையில் அவை இரு வேறு தொழில்களாகும். மந்தையைக் காப்பது ஒன்று. மந்தையை ஓட்டுவது மற்றொன்று. இவ்விரண்டிற்கும் வேண்டிய குணங்களோ ஒன்றுக்கொன்று நேர்மாறானவை.

இமாசலப் பிரதேசத்தில் ‘கத்தி’ எனப்படும் இடையர் குலத்தார் வளர்க்கும் பெரிய நாய் காவல் நாய். சிறுத்தை பாய்ந்து கழுத்தைக் கவ்வாதிருக்க இரும்பு முட்கள் பதித்த பட்டையை அதற்கு அணிவிப்பர். கர்னாலிலுள்ள தேசிய விலங்கு மரபு வளப் பணியகம் 2025ஆம் ஆண்டில் இதனைத் தனி இனமாகப் பதிவு செய்தது. இராமநாதபுரம் வட்டாரத்திலிருந்து கிடை போட்டுக்கொண்டு ஊர் ஊராகச் செல்லும் கீதாரிகளின் நாய்களும் இரவில் காவல் புரிவனவே. இவை ஆடுகளினிடையே அமைதியாகப் படுத்திருக்கும். ஆட்டைத் துரத்தும் நாய் காவலுக்கு உதவாது. ஓட்டு நாயோ, துரத்தும் விருப்பத்தையே மூலதனமாகக் கொண்டது. அவ்வகை நாய்களுள் புகழ் மிக்கது பார்டர் கோலி என்னும் இனம். நம் நகரங்களிலும் இந்நாயை வாங்கி வளர்ப்போர் இருப்பதாலும், இதனைப் பற்றிய ஆலோசனை கேட்டுக் கால்நடைப் பணியாளரிடமும் ஆசிரியரிடமும் மக்கள் வருவர் என்பதாலும், இதன் இயல்பைச் சற்று விரிவாக அறிந்திருத்தல் நலம்.

பிறந்த நிலம்

இங்கிலாந்துக்கும் ஸ்காட்லாந்துக்கும் இடையே செவியட் குன்றுகள் எல்லையாக அமைந்துள்ளன. ‘பார்டர்’ என்னும் சொல் இந்த எல்லைப்புறத்தையே குறிக்கும். அங்கு ஓநாய்கள் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே அழிந்துவிட்டன. எனவே காவலுக்கு நாய் வேண்டியதில்லை. ஆனால் வேலியற்ற குன்றுகளில் ஆடுகள் தம் விருப்பம்போல் சிதறி மேயும். மயிர் கத்தரிக்கவும், மருந்து நீரில் தோய்க்கவும், சந்தைக்கு அனுப்பவும் அவற்றை ஆண்டில் பல முறை திரட்டிக் கீழே கொண்டுவர வேண்டும். மூடுபனியும் சரிவும் நிறைந்த அந்நிலத்தில் பத்து ஆட்கள் செய்ய முடியாத வேலையை ஒரு நாய் செய்துவிடும். நம் இடையர் மந்தையோடு நாள் முழுவதும் நடக்கிறார். அவர் குரலுக்கே ஆடுகள் பழகியுள்ளன. ஓட்டு நாய் இங்கே தோன்றாமைக்கும் அங்கே தோன்றியமைக்கும் இந்த மேய்ச்சல் முறை வேறுபாடே முதற் காரணம் என்பது என் கருத்து.

நார்தம்பர்லந்தைச் சேர்ந்த ஆடம் டெல்ஃபர் என்பவரிடம் 1893ஆம் ஆண்டில் பிறந்த ‘ஹெம்ப்’ என்னும் ஆண் நாயே இவ்வினத்தின் மூதாதையாகக் கொள்ளப்படுகிறது. அதன் தந்தை நல்லியல்பும் சுறுசுறுப்பும் உடையது. தாய் கூச்சம் மிகுந்தது, ஆனால் ஆடுகளை உற்று நோக்கும் பார்வை மிக வலியது. இவ்விரண்டும் குட்டியிடம் ஏற்ற அளவில் கலந்தன. குரைத்தும் கடித்தும் ஓட்டும் பழைய நாய்களைப் போலன்றி, ஓசையின்றிப் பதுங்கிப் பார்வையாலேயே ஆடுகளை நகர்த்திற்று ஹெம்ப். 1901இல் அது இறப்பதற்குள் அண்டை அயலிலுள்ள இடையர் பலரும் தம் பெட்டை நாய்களை அதனுடன் இணைத்துக்கொண்டனர். பன்னாட்டு ஆட்டு நாய்ச் சங்கம் 1906இல் ஸ்காட்லாந்தில் நிறுவப்பட்டது. கண்காட்சி நாய்களைப் போல் காது, வால், நிறம் ஆகியவற்றை அளவுகோலாகக் கொள்ளாமல், வேலைத் திறன் ஒன்றையே கருதி வளர்க்கப்பட்டமையால் இந்நாய்கள் தோற்றத்தில் ஒன்று போலிருப்பதில்லை. கறுப்பு வெள்ளை மிகுதி. செம்பழுப்பும் மூவண்ணமும் உண்டு. எடை பெரும்பாலும் 14 முதல் 20 கிலோ.

பார்வையின் வலிமை

ஓநாய் இரையை வேட்டையாடும் முறையை விலங்கியலார் ஒரு சங்கிலித் தொடராகக் காண்கின்றனர்: இரையை நோக்கித் திரும்புதல், உற்று நோக்குதல், பதுங்கிச் செல்லுதல், துரத்துதல், பற்றுதல், கொல்லுதல், உண்ணுதல். ரேமண்ட் காப்பிங்கர் என்னும் அமெரிக்க அறிஞர் நாயினங்களின் நடத்தையை இத்தொடரைக் கொண்டே விளக்கினார். காவல் நாயிடம் இத்தொடர் முழுவதும் மங்கிக் கிடக்கிறது. பார்டர் கோலியிடமோ உற்று நோக்குதல், பதுங்குதல், துரத்துதல் ஆகிய மூன்றும் மிகைப்பட்டும், பற்றுதலும் கொல்லுதலும் அடக்கப்பட்டும் உள்ளன. ஓட்டு நாய் என்பது முடிவுறாத வேட்டையை நாள்தோறும் ஆடும் விலங்கு என்று சொல்லலாம். இதனை மனத்திற் கொண்டால் பின்னர்க் கூறப்போகும் வீட்டுத் தொல்லைகள் யாவும் எளிதில் விளங்கும்.

ஆடுகளிடமும் ஓர் இயல்பு உண்டு. ஒவ்வொரு மந்தையையும் சுற்றிக் கண்ணுக்குத் தெரியாத ஓர் எல்லை இருக்கிறது. நாய் அவ்வெல்லைக்கு வெளியே நிற்கும் வரை ஆடுகள் தலையை உயர்த்திப் பார்க்குமேயன்றி நகரா. எல்லையைத் தொட்டதும் நடக்கத் தொடங்கும்; அதனுள் வேகமாகப் புகுந்தால் சிதறி ஓடும். நல்ல நாய் இவ்வெல்லையின் விளிம்பிலேயே நடக்கத் தெரிந்தது. இடையர் ஒரு புறம் நின்றால் நாய் மந்தையைச் சுற்றி ஓடி அவருக்கு நேர் எதிர்ப்புறத்தை அடைந்து நிற்கும்; கடிகார முகத்தில் இடையர் ஆறு மணியில் நின்றால் நாய் பன்னிரண்டில் நிற்கும். அவர் இடம் மாறினால் அதுவும் மாறும். இது பெரும்பாலும் கற்பிக்கப்படுவதன்று. குட்டிக்குப் பிறவியிலேயே அமைவது. பயிற்சி என்பது, பிறவியில் வந்த இவ்விருப்பத்திற்கு நிறுத்தமும் திசையும் கற்பித்தலே.

திசைக்கு இரண்டு ஆணைகள் உள்ளன. ‘கம் பை’ என்றால் மந்தையை வலஞ்சுழியாகவும், ‘அவே’ என்றால் இடஞ்சுழியாகவும் சுற்ற வேண்டும். படுத்துக்கொள்ள ஒன்று, முன்னேற ஒன்று, வேலை முடிந்தது என்று அழைக்க ஒன்று. குரல் எட்டாத தொலைவில் இவை யாவும் சீழ்க்கையாக மாறும். பிரிட்டனில் பதிவான முதல் ஆட்டு நாய்ப் போட்டி 1873ஆம் ஆண்டு அக்டோபரில் வேல்ஸ் நாட்டின் பாலா நகரில் நடைபெற்றது. வேல்ஸில் குடியேறிய ஸ்காட்லாந்துக்காரர் ஒருவரின் ‘ட்வீட்’ என்னும் நாய் அதில் வென்றது. இன்றைய போட்டிகளில் ஏறக்குறைய 400 கஜத்துக்கு அப்பாலுள்ள ஆடுகளை நாய் திரட்டி, வாயில்களின் வழியே நேர்க்கோட்டில் ஓட்டி வந்து பட்டியில் அடைக்க வேண்டும். இடையர் பட்டிக் கதவின் கயிற்றைப் பற்றி நிற்கலாம், ஆடுகளைத் தொடலாகாது.

அறிவுக் கூர்மையிலும் இந்நாய் பெயர் பெற்றது. ஜெர்மனியில் வளர்ந்த ‘ரிக்கோ’ இருநூறுக்கு மேற்பட்ட பொருள்களின் பெயர்களை அறிந்திருந்ததென 2004இல் ஆய்வாளர் வெளியிட்டனர். பழகிய பொருள்களினிடையே புதிய பொருள் ஒன்றை வைத்துப் புதிய பெயரைச் சொன்னால், தெரிந்தவற்றை நீக்கிப் புதியதை எடுத்து வந்தது அது. அமெரிக்காவில் ஜான் பில்லி என்னும் உளவியல் பேராசிரியர் ‘சேசர்’ என்னும் பெட்டை நாய்க்கு மூன்றாண்டுகளில் 1,022 பொம்மைகளின் பெயர்களைக் கற்பித்து 2011இல் முடிவுகளை வெளியிட்டார். இச்செய்திகளைப் படித்தே பலர் இந்நாயை விரும்பி வாங்குகின்றனர். கதவின் தாழ்ப்பாளைத் திறப்பதும், உணவுப் பெட்டியின் மூடியைக் கழற்றுவதும் இதே அறிவின் வேலைகள் என்பதை அவர்கள் பின்னரே அறிகின்றனர்.

வீட்டில் வாழும்போது

ஆடில்லாத வீட்டிலும் பார்டர் கோலி ஆட்டைத் தேடும். மிதிவண்டி, ஓடும் சிறுவர், மோட்டார் வண்டி, பூனை, கோழி ஆகிய அசையும் பொருள் எதுவும் அதற்கு மந்தையே. முற்றத்தில் ஓடியாடும் குழந்தைகளைச் சுற்றி வளைத்து ஒரு மூலையில் சேர்க்க முயலும். சேராத குழந்தையின் குதிகாலைக் கவ்வும். இது பகைமையால் நேர்வதன்று. ஆயினும் கடி கடியே. சாலை ஓரத்து வீட்டில் வண்டிகளை நோக்கிப் பாயும் பழக்கம் நாயின் உயிருக்கே உலை வைக்கும். சிறு குழந்தைகளையும் இந்நாயையும் பெரியவர் துணையின்றித் தனியே விடலாகாது என்பதை வளர்க்க விரும்புவோரிடம் முதலிலேயே சொல்லிவிட வேண்டும்.

நாள்தோறும் வெகுதூரம் ஓட விட்டால் அடங்கிவிடும் என்பது பரவலான எண்ணம். அது பாதி உண்மையே. ஓட ஓட உடல் உரமேறி, மறுநாள் இன்னும் அதிகம் ஓட விரும்பும். குன்றில் வேலை செய்யும் நாயும் நாள் முழுவதும் ஓடுவதில்லை. வேலை முடிந்ததும் கொட்டிலில் மணிக்கணக்காகப் படுத்திருக்கும். அங்கே உழைப்புக்கும் ஓய்வுக்கும் தெளிவான எல்லை உண்டு. நகர வீட்டில் இல்லாதது இவ்வெல்லையே. ஆகவே காலையும் மாலையும் சேர்த்து ஒன்றரை அல்லது இரண்டு மணி நேர நடையும் ஓட்டமும் அளிப்பதோடு, மூளைக்கும் வேலை தர வேண்டும். ஒளித்து வைத்த பொருளை மோப்பத்தால் தேடச் செய்தல், பெயர் சொல்லிப் பொருள்களைக் கொணரச் செய்தல், தொலைவில் படுக்கச் சொல்லிக் காத்திருக்கச் செய்தல் ஆகியவை ஏற்றவை. இவற்றுக்குச் செலவு ஏதுமில்லை. பின்னர்ப் பாயில் படுத்து அமைதியாக இருக்கவும் கற்பிக்க வேண்டும். அமைதியாகப் படுத்திருக்கும் வேளையில் ஒரு சிறு உணவுத் துண்டைப் பேசாமல் அதன் முன் வைத்தால், அமைதியும் பயனுள்ள வேலையே என்பதை நாய் விரைவில் கற்றுக்கொள்ளும்.

விளக்கொளியைச் சுவரில் ஆட்டி நாயைத் துரத்தச் செய்யும் விளையாட்டை முற்றிலும் தவிர்க்க வேண்டும். பிடிக்க இயலாத ஒளியைத் துரத்திப் பழகிய நாய், பின்னர் நிழலையும் வெயிற் புள்ளியையும் நாள் முழுதும் வெறித்து நோக்கும் நோயில் வீழ்வதுண்டு. கயிற்றில் ஓயாது கட்டி வைக்கப்பட்ட நாயும் தன்னைத்தானே சுற்றுதல், ஓயாது குரைத்தல் ஆகிய கேடுகளை அடையும்.

குட்டியை எட்டு வாரத்துக்கு முன் தாயிடமிருந்து பிரிக்கலாகாது. முதல் மூன்று நான்கு மாதங்களில் பலவகை மனிதரையும் ஒலிகளையும் அச்சமின்றிக் காணச் செய்தல் வேண்டும். எலும்பு முனைகள் முதிரும் வரை, அதாவது ஓராண்டு கழியும் வரை, உயரத் தாண்டச் செய்வதும் மிதிவண்டியின் பின் ஓட்டுவதும் தீது.

வெப்பம்

நம் நாட்டில் இவ்வினத்திற்கு முதற் பகை கோடை வெயிலாகும். நாயின் உடலில் வியர்வைச் சுரப்பிகள் பயன்படும் அளவில் பாத மெத்தைகளில் மட்டுமே உள்ளன. எனவே அது மூச்சிரைத்தே உடலைக் குளிர்விக்கிறது. காற்றில் ஈரம் மிகும்போது மூச்சிரைப்பும் பயன் தராது. ஓய்வில் 38 முதல் 39 பாகை சென்டிகிரேடு வரை இருக்கும் உடல் வெப்பம், கடும் ஓட்டத்திற்குப் பின் 40 பாகையைத் தாண்டிவிடும். மற்ற நாய்கள் களைத்தால் நின்றுவிடும். பார்டர் கோலியோ வேலையின் ஆர்வத்தால் களைப்பைப் பொருட்படுத்தாது. விழும் வரை ஓடும். கடும் வேலைக்குப் பின் தள்ளாடி விழும் ஒரு தனி நோயும் இவ்வினத்தில் அறியப்பட்டுள்ளது. ஆகையால் நிறுத்தும் பொறுப்பு வளர்ப்பவருடையதே.

கோடையில் சூரியோதயத்திற்கு முன்பும் அந்தி சாய்ந்த பின்பும் மட்டுமே ஓட விட வேண்டும். தார்ச் சாலையில் புறங்கையை ஐந்து நொடி வைத்துப் பார்த்து, தாங்க முடியாவிடில் நாயை நடத்தக் கூடாது. மயிரை மழித்துவிட்டால் குளிர்ச்சி என்று எண்ணுதல் தவறு. உள்மயிரைச் சீவி நீக்கி, வெளிமயிரை விட்டுவைப்பதே முறை; அது வெயிலிலிருந்து தோலைக் காக்கும். நாக்கு கருஞ்சிவப்பாகி, கால்கள் பின்னி, எச்சில் குழகுழவென ஒழுகினால் அது வெப்ப அதிர்ச்சி. உடனே நிழலில் கிடத்தி, உடல் முழுதும் நீரூற்றி, விசிறிக் காற்றுப் படச் செய்து, அதன் பின்னரே மருத்துவரிடம் கொண்டு செல்ல வேண்டும். குளிர்விக்காமல் வண்டியில் ஏற்றுவது வழியிலேயே உயிரைப் போக்கும்.

மரபுவழி நோய்கள்

கோலி இனங்களில் கண்ணின் பின்படலம் சரிவர வளராத ஒரு பிறவிக் குறை உண்டு. இதனை உண்டாக்கும் மரபணு ஒடுங்கு தன்மையது. குறையைத் தாங்கியும் வெளிக்காட்டாத இரு நாய்களை இணைத்தால், குட்டிகளில் சராசரியாக நான்கில் ஒன்று குறையுடனும், இரண்டு தாங்கிகளாகவும், ஒன்று முற்றிலும் குறையற்றும் பிறக்கும். தாங்கியைக் குறையற்றதோடு இணைத்தால் எக்குட்டிக்கும் குறை வராது. பட்டாணியைக் கொண்டு மெண்டல் விதியைக் கற்பிக்கும் ஆசிரியர் இவ்வுதாரணத்தையும் கரும்பலகையில் எழுதிக் காட்டலாம்; மாணவர் எளிதில் மறவார். குட்டிகள் தொற்றுகளால் அடிக்கடி நோயுற்று மடியும் வெள்ளணுக் குறைபாடு ஒன்றும் இவ்விதியையே பின்பற்றுகிறது. இவற்றுக்கு மரபணுச் சோதனைகள் உள்ளன. குட்டி வாங்குவோர் பெற்றோர் இரண்டின் சோதனைச் சான்றையும் கேட்டுப் பெறுதல் வேண்டும். சாம்பல் திட்டு நிறமுடைய ‘மெர்ல்’ நாய்கள் இரண்டை ஒன்றோடொன்று இணைத்தலும் கூடாது. அவற்றின் குட்டிகளில் கால் பங்கு அந்நிறப் பண்பை இரு மடங்காகப் பெறும். அவற்றுட் பல செவிடாகவும் குருடாகவும் பிறக்கும். அபூர்வ வெண்ணிறம் என்று கூறி அவற்றை விலை மிகுத்து விற்போரும் உளர்.

மருந்து பற்றி ஓர் எச்சரிக்கை. கால்நடைகளின் புழுக்களுக்கும் உண்ணிகளுக்கும் தரப்படும் ஐவர்மெக்டின் என்னும் மருந்து, சில கோலி நாய்களின் மூளையில் புகுந்து மயக்கத்தையும் சாவையும் விளைவிக்கும். மூளையை மருந்துகளிலிருந்து காக்கும் ஒரு புரதம் அந்நாய்களில் அமையாமையே காரணம். இதற்குரிய மரபணுப் பழுதினை 2001இல் கண்டறிந்தனர். நீள்மயிர்க் கோலியில் இப்பழுது மிகப் பரவலானது. பார்டர் கோலியில் அருகியே காணப்படுகிறது. எனினும் மாட்டுக்கு வாங்கிய ஊசி மருந்தில் மீந்ததை நாய்க்கும் போடும் வழக்கம் நாட்டுப்புறங்களில் உள்ளமையால், கோலிக் கலப்புள்ள எந்நாய்க்கும் மருத்துவர் சொல்லாமல் இதனை அளிக்கலாகாது.

உண்ணிகள் நம் நாட்டில் இரத்த அணுக்களைத் தாக்கும் காய்ச்சல்களைப் பரப்புகின்றன. அடர்ந்த மயிருள்ள இந்நாயைக் காது மடல், அக்குள், விரலிடுக்கு ஆகிய இடங்களில் நாள்தோறும் தடவிப் பார்த்தல் நன்று. உணவு பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை: உழைப்புக்கேற்ற அளவு, போதிய இறைச்சிப் புரதம், எந்நேரமும் தூய நீர். வெங்காயம், பூண்டு, திராட்சை, சாக்லேட்டு, வேகவைத்த எலும்பு ஆகியவற்றை விலக்க வேண்டும்.

ஆடும் நாயும் மனிதனும்

ஆடும் நாயும் கூடி வாழுமிடமெல்லாம் நீர்க்கட்டி நோய் என்னும் ஹைடேடிட் நோய் பரவ வழி உண்டு. நாயின் சிறுகுடலில் வாழும் நாடாப்புழு ஒன்றே இதற்குக் காரணம். சாதாரண நாடாப்புழுவைப் போல் இது நீண்டதன்று. முழு வளர்ச்சியிலும் 7 மில்லிமீட்டரைத் தாண்டாது. இதன் முட்டைகள் நாயின் சாணத்தோடு புல்லிலும் நீரிலும் காய்கறியிலும் கலக்கின்றன. நாயின் மயிரிலும் ஒட்டிக்கொள்கின்றன. ஆடு அவற்றை மேய்ந்தால் அதன் ஈரலிலும் நுரையீரலிலும் நீர் நிறைந்த கட்டிகள் தோன்றும். அவ்வுறுப்புகளைப் பச்சையாகத் தின்னும் நாயின் குடலில் மீண்டும் புழு வளரும். மனிதன் இச்சுழலில் தற்செயலாகச் சிக்குகிறான். நாயைத் தடவிய கையைக் கழுவாமல் உண்ணும் குழந்தையின் ஈரலில் கட்டி பல ஆண்டுகள் ஓசையின்றி வளர்ந்து, பெரியவனானபின் அறுவைச் சிகிச்சை வரை கொண்டுபோய் விடும்.

ஐஸ்லாந்தில் இந்நோய் ஒரு காலத்தில் வீடுதோறும் இருந்தது. டென்மார்க்கைச் சேர்ந்த ஹரால்டு கிராபே 1863இல் அங்குச் சென்று ஆராய்ந்தார். மறு ஆண்டு எளிய நடையில் ஒரு சிறு நூல் அச்சிடப்பட்டு மக்களுக்கு வழங்கப்பட்டது. கட்டியுள்ள உறுப்புகளை எரித்தல் அல்லது புதைத்தல், நாய்க்குப் புழு மருந்து அளித்தல் என்பனவே அதன் சாரம். எழுத்தறிவு மிக்க அந்நாட்டில் அறிவுரை வேரூன்றிற்று, நோய் ஒழிந்தது. நியூசிலாந்து 1959இல் இதற்கெனச் சட்டமியற்றி நாய்தோறும் மருந்தளித்து, 2002இல் நோய் நீங்கிய நாடென அறிவித்துக்கொண்டது. தொடக்க ஆண்டுகளில் அங்கே பயன்பட்ட மருந்து அரிகோலின். நம் பாக்கிலுள்ள சத்து அது. நாயைப் பேதியாகச் செய்து, வெளிவந்ததில் புழு உண்டா என்று சோதிக்கவும் அது உதவிற்று. இன்று பிராசிகுவாண்டெல் என்னும் மருந்து பேதியின்றியே புழுவைக் கொல்கிறது. குடலில் புகுந்த புழு முட்டையிட ஏறக்குறைய ஆறு வாரமாகும். ஆதலால் ஆட்டுப் பட்டியின் நாய்களுக்கு ஆறு வாரத்துக்கொரு முறை எடைக்கேற்ப மருந்தளித்தால் முட்டையிடும் வாய்ப்பே புழுவுக்கு இராது. மருந்து முட்டைகளைக் கொல்வதில்லை. எனவே அடுத்த இரண்டு நாட்களின் சாணத்தை ஆழப் புதைக்க வேண்டும்.

நம் ஊர்களில் இந்நோய் ஆடுகளிலும் மக்களிலும் காணப்படுகிறது. ஆடறுக்கும் இடத்தைச் சுற்றி நாய்கள் கூடுவதும், கட்டியுள்ள ஈரலை ‘கெட்டது’ என்று அவற்றிடமே எறிவதும் சங்கிலியை அறாமல் காக்கின்றன. அறுக்கும் இடத்தருகே மூடியுள்ள ஒரு குழி வெட்டச் செய்தால் சங்கிலியின் மிக மெலிந்த கண்ணியை அறுத்தவராவோம். களப் பணியாளர் தம் சுற்றுப் பயணத்தில் ஒரு கட்டியை வெட்டிக் காட்டி விளக்கினால், பத்துச் சொற்பொழிவுகளினும் அது மேலான பயன் தரும். கையுறையும் பின்னர்ச் சோப்பும் மறக்கலாகாது.

வெறிநாய்க்கடி நோய்க்கு எதிரான தடுப்பூசியை மூன்றாம் மாதத்திலும், பின்னர் ஆண்டுதோறும் போட வேண்டும். ஊசி போட்ட நாயேயானாலும் விளையாட்டாகக் குதிகாலைக் கவ்விப் பல் பதிந்துவிட்டால், காயத்தை ஓடும் நீரிலும் சோப்பிலும் கால் மணி நேரம் கழுவி, அன்றே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். நாயைப் பத்து நாள் கண்காணிக்க வேண்டும்.

நன்கு பேணப்பட்ட பார்டர் கோலி பன்னிரண்டு முதல் பதினான்கு ஆண்டுகள் வாழும். ஒன்பது பத்து வயதில் கால் மூட்டுகள் இறுகும், செவி மந்தமாகும். செவியடைத்த நாய்க்குக் கைச் சைகைகளை இளமையிலேயே குரலாணைகளோடு சேர்த்துக் கற்பித்திருந்தால் இப்போது அவை பயன்படும். செவியட் பண்ணைகளில் கிழ நாயை முற்றிலும் ஓய்த்துவிடுவதில்லை. வீட்டருகே கொல்லையிலுள்ள நாலைந்து ஆடுகளைப் பட்டிக்குக் கொண்டுவரும் சிறு வேலையை அதற்கு விட்டுவைப்பர். ஆடற்ற வீட்டில், வாசலில் விழுந்த செய்தித்தாளை எடுத்து வரச் சொன்னாலும் போதும்.